மூசா மலையின் ஹரிசா, முள்ளிவாய்க்காலின் கஞ்சி

லெபனான் நாட்டின் பெக்கா சமவெளியில் அஞ்சார் என்றொரு ஊர். ஆண்டுதோறும் செப்டம்பர் நடுவில், திருச்சிலுவைத் திருநாளை ஒட்டி, அங்கே பெரிய கொப்பரைகளை வரிசையாக அடுப்பேற்றுகிறார்கள். உமி நீக்கிய கோதுமையும் ஆட்டிறைச்சியும் இரவு முழுக்க வேகின்றன. ஆண்கள் முறை மாற்றி நின்று நீளமான துடுப்பால் கிண்டிக்கொண்டே இருக்கிறார்கள். பக்கத்தில் மேளமும், நம் நாகசுரத்துக்கு உறவான சுர்னாவும் ஒலிக்கின்றன. விடிந்ததும் பாதிரியார் வந்து மந்திரிக்கிறார். பிறகு ஊரார், விருந்தாளி, வழிப்போக்கர் எல்லோருக்கும் ஆளுக்கொரு கிண்ணம். இறைச்சியும் கோதுமையும் ஒன்றாய்க் குழைந்த அந்தக் களியின் பெயர் ஹரிசா.

இலங்கையின் வடக்கிலும் கிழக்கிலும் மே 12 முதல் 18 வரை வேறொரு அடுப்பு எரிகிறது. கோயில் வாசலில், சந்தியில், பல்கலைக்கழக வளாகத்தில் பானை வைக்கிறார்கள். அரிசி, தண்ணீர், உப்பு. வேறெதுவும் சேர்ப்பதில்லை. காய்ச்சியதைச் சிரட்டையில் ஊற்றி, வருகிறவர் கையில் கொடுக்கிறார்கள். இது முள்ளிவாய்க்கால் கஞ்சி.

இரண்டு மக்கள், இரண்டு நூற்றாண்டுகள், இரண்டு சமயங்கள். ஒருவரைப் பார்த்து மற்றவர் கற்றதற்கு எந்தத் தடமும் இல்லை. இருந்தும் கொலைக்களத்திலிருந்து மிஞ்சியவர்கள் இரு இடத்திலும் முதலில் கையில் எடுத்தது கரண்டியைத்தான். இந்த ஒற்றுமையை வியந்துவிட்டு நகர்ந்துவிடலாம். எனக்கு முக்கியமாகப் படுவது அதற்கடுத்த கேள்வி: ஹரிசாவை மேளத்தோடு கிண்ட முடிகிறது, கஞ்சியைப் பொலிசாருக்கு அஞ்சி ஏன் காய்ச்ச வேண்டியிருக்கிறது? ஆவுடையார்கோவிலில் இருந்துகொண்டு இதைக் கேட்பதற்குக் காரணம் உண்டு. பக்கத்து அறந்தாங்கி வட்டத்து அழியாநிலையில், அந்தக் கஞ்சியின் மண்ணிலிருந்து கடல் கடந்து வந்தவர்களின் முகாம் இருக்கிறது.

முதலில் மூசா மலை. 1915 ஏப்ரல் 24 அன்று ஒட்டோமான் தலைநகரில் ஆர்மேனிய எழுத்தாளர்கள், ஆசிரியர்கள், வழக்கறிஞர்கள், மருத்துவர்கள் என ஏறத்தாழ 250 பேரைக் கைது செய்தார்கள். பெரும்பாலோர் திரும்பவில்லை. ஆயிரக்கணக்கான நாட்டுப்பாடல்களைத் தொகுத்த கோமிதாஸ் பாதிரியார் திரும்பி வந்தார். ஆனால் மனம் சிதைந்து, பாரிசில் மனநல விடுதியில் 1935 இல் இறந்தார். அதன் பிறகு அனத்தோலியாவின் ஊர் ஊராக ஆண்களைத் தனியே பிரித்துக் கொன்று, பெண்களையும் பிள்ளைகளையும் முதியவர்களையும் சிரியப் பாலைவனத்தின் தேர் எஸ்ஸோர் நோக்கி நடக்க வைத்தார்கள். இறந்தவர் பத்து லட்சத்துக்கும் மேல் என்பது பல வரலாற்றாசிரியர்களின் கணக்கு. ஆர்மேனியர் 15 லட்சம் என்கிறார்கள்.

மத்தியதரைக் கடலோரத்து மூசா மலையடிவாரத்தில் ஆறு ஆர்மேனியக் கிராமங்கள். வெளியேறச் சொல்லி ஆணை வந்ததும், அவற்றில் பெரும்பாலோர் நடக்க மறுத்து மலையேறிவிட்டார்கள். இருந்த துப்பாக்கிகளைக் கொண்டு ஐம்பது நாள் அளவுக்குத் தாக்குப்பிடித்தார்கள். துணியில் சிலுவை தைத்துக் கடல் பார்த்த சரிவில் விரித்தார்கள். பிரெஞ்சுப் போர்க்கப்பல் ஒன்று அதைக் கண்டது. செப்டம்பரில் நாலாயிரத்துக்கும் மேற்பட்டோரைக் கப்பலேற்றி எகிப்தின் போர்ட் சயீத் துறைக்குக் கொண்டுபோனார்கள். மலைமேல் இருந்த நாட்களில் கைக்கு எட்டிய கோதுமையையும் ஆட்டையும் ஒரே பானையில் வேகவைத்துத் தின்றதன் நினைவே ஹரிசா என்பது அஞ்சார்க்காரர்கள் சொல்வது.

முள்ளிவாய்க்காலுக்கு அப்படிக் கப்பல் வரவில்லை. 2009 இன் முதல் மாதங்களில், இலங்கைப் போரின் இறுதிக் கட்டத்தில், அரசே பாதுகாப்பு வலயம் என்று அறிவித்த துண்டு நிலங்களுக்குள் லட்சக்கணக்கான மக்கள் நெருக்கப்பட்டார்கள். அந்த வலயங்களுக்குள்ளும் எறிகணை விழுந்தது. மருத்துவமனைகள் மீதும் விழுந்தது. ஐ.நா. செயலர் அமைத்த வல்லுநர் குழு 2011 இல் தந்த அறிக்கை, இறந்த பொதுமக்கள் 40,000 வரை இருக்கக்கூடும் என்றது, ஐ.நா.வின் உள் ஆய்வு 2012 இல் 70,000 வரை என்ற மதிப்பீட்டையும் குறிப்பிட்டது. அன்றைய மன்னார் ஆயர் இராயப்பு யோசேப்பு, அரசின் சொந்த மக்கள்தொகைப் பதிவுகளையே ஒப்பிட்டு, 1,46,679 பேர் எங்கே என்று கேட்டார். அந்த எண்ணுக்கு இன்றுவரை பதில் இல்லை. செஞ்சிலுவைச் சங்கம் பிப்ரவரி முதல் மே 9 வரை காயம்பட்டவர்களையும் துணைக்கு வந்தவர்களையுமாக ஏறத்தாழ 14,000 பேரைக் கடல்வழியே வெளியேற்றியது. அதை மறந்துவிடக் கூடாது. மற்றவர்களுக்கு மிஞ்சியது வரிசையில் நின்று வாங்கிய கஞ்சி. அந்த வரிசையின் மீதே எறிகணை விழுந்த கதைகளைத் தப்பியவர்கள் சொல்கிறார்கள்.

ஆக, உணவு ஒன்றானாலும் அதற்குள் இருக்கும் நினைவு ஒன்றல்ல. ஹரிசா எதிர்த்து நின்றதையும் மீட்கப்பட்டதையும் நினைக்கிறது. அதனால் அதில் இறைச்சி இருக்கிறது, இசை இருக்கிறது, திருவிழா இருக்கிறது. கஞ்சி, யாரும் வராமல் போனதை நினைக்கிறது. தாளிதம்கூட இல்லாத அந்த வெறுமையை அப்படியே குடிப்பதுதான் சடங்கு.

மீட்கப்பட்ட மூசா மலை மக்கள் போருக்குப் பின் ஊர் திரும்பினார்கள். 1939 இல் அந்தப் பகுதி துருக்கியோடு சேர்ந்தபோது பெரும்பாலோர் மறுபடி கிளம்பி அஞ்சாருக்கு வந்தார்கள். வந்த இடத்தில் ஊரை ஆறு பகுதிகளாகப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் விட்டுவந்த கிராமத்தின் பெயரையே வைத்தார்கள். பெய்ரூத்தை ஒட்டிய பூர்ஜ் ஹம்மூதிலும் இதே கதை: புது மராஷ், புது அதானா, புது சிஸ் என்று தொலைந்த நகரங்கள் தெருக்களாகி நிற்கின்றன. கிளம்பாமல் மலையடிவாரத்திலேயே தங்கிவிட்ட வாகிஃப் கிராமம் துருக்கியில் மிஞ்சியிருக்கும் ஒரே ஆர்மேனியக் கிராமம். அங்கும் ஹரிசா உண்டு. ஆனால் அது ஆகஸ்டில், மாதாவின் விண்ணேற்புத் திருநாளுக்கும் திராட்சை மந்திரிப்புக்கும் உரிய உணவு. எல்லைக்கு அந்தப் பக்கம் மலைப்போரின் பெயரால் கிண்டும் அதே கொப்பரையை, இந்தப் பக்கம் அறுவடையின் பெயரால் கிண்ட வேண்டியிருக்கிறது. எந்த அரசின் கீழ் அடுப்பு எரிகிறது என்பதைப் பொறுத்து நினைவுக்குத் திரை தேவைப்படுகிறது.

வாகிஃப் கிராமத்துக்குக் கிடைத்த அந்தத் திரைகூட ஈழத்தில் கிடைக்கவில்லை. 2024 மே மாதம், திருகோணமலை மாவட்டம் சம்பூரில், கஞ்சி காய்ச்சிக் கொடுத்ததற்காகப் பெண்கள் உட்பட நால்வரைப் பொலிசார் கைது செய்தார்கள். உப்புக் கஞ்சி ஒரு அரசை அச்சுறுத்துகிறது என்றால் அந்தப் பானைக்குள் இருப்பது வெறும் அரிசி இல்லை என்று அந்த அரசுக்கும் தெரிந்திருக்கிறது. 2021 ஜனவரி 8 இரவு, யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் இருந்த முள்ளிவாய்க்கால் நினைவுத்தூபியை இயந்திரம் வைத்து இடித்தார்கள். மாணவர்கள் உண்ணாவிரதம் இருந்தார்கள். சில மாதங்களில் அதே இடத்தில் தூபி மறுபடி எழுந்தது. போராளிகளின் துயிலும் இல்லங்களை ஏற்கனவே மண்ணோடு மண்ணாக உழுதுவிட்டிருந்தார்கள். ஆர்மேனியரின் தேர் எஸ்ஸோர் நினைவுத் தேவாலயமும் 2014 இல் ஐ.எஸ். படையால் தகர்க்கப்பட்டது. இரண்டும் இடிப்புதான். ஆனால் ஒன்று, கொலைக்குத் தொடர்பில்லாத பின்னாள் கும்பல் செய்தது. மற்றது, கொலைக்குப் பதில் சொல்ல வேண்டிய அதே அரசின் நிழலில் நடந்தது.

புத்தகங்களின் கதையையும் அருகருகே வைத்துப் பார்க்கத் தோன்றுகிறது. முஷ் நகரத்து மடத்தில் 28 கிலோ எடையுள்ள தோல் ஏட்டுச் சுவடி ஒன்று இருந்தது. 1915 இல் அதைக் காப்பாற்ற நினைத்த இரண்டு பெண்கள், முழுதாகத் தூக்க முடியாமல் இரண்டாகப் பிரித்துச் சுமந்தார்கள். ஒரு பாதி ஆர்மேனியா போய்ச் சேர்ந்தது. இன்னொரு பாதி எர்சுரூமில் புதைக்கப்பட்டு, பின்னர் கண்டெடுக்கப்பட்டது. இன்று இரண்டு பாதிகளும் யெரெவானின் மாதெனதரான் சுவடி நூலகத்தில் சேர்ந்திருக்கின்றன. யாழ்ப்பாணப் பொது நூலகத்துக்கு அந்த இரண்டு பெண்களின் நேரம்கூடக் கிடைக்கவில்லை. 1981 ஜூன் தொடக்கத்தில் ஒரே இரவில் ஏறத்தாழ 97,000 நூல்கள் எரிந்தன. வேறெங்கும் படியில்லாத ஓலைச்சுவடிகள் அவற்றில் இருந்தன. அந்தச் சாம்பலுக்குப் பதில் சொல்வதுபோல், 2005 இல் நூலகம் என்ற பெயரிலேயே ஓர் இணைய நூலகத்தை ஈழத் தமிழர்கள் தொடங்கினார்கள். ஈழத்து நூல்கள், இதழ்கள், பழைய நினைவு மலர்கள் என்று பக்கம் பக்கமாக மின்வருடி அதில் ஏற்றிக்கொண்டே இருக்கிறார்கள். பழைய கல்யாண அழைப்பிதழைக்கூட அவர்கள் பாதுகாப்பதைப் பார்க்கும்போது, எரிந்ததன் அருமை அதைப் பறிகொடுத்தவர்களுக்குத்தான் தெரியும் என்று தோன்றும்.

உடல் கிடைக்காத சாவு இரு மக்களுக்கும் பொது. பாலைவனத்தில் விழுந்த தாய்க்குக் கல்லறை இல்லை. இராணுவத்திடம் பெயர் கொடுத்துக் கையளித்த மகன் உயிரோடு இருக்கிறானா என்று தெரியாத அம்மா, திதி கொடுக்கவும் முடியாது, கொடுக்காமல் இருக்கவும் முடியாது. கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் 2017 பிப்ரவரியில், காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகள் எங்கே என்று கேட்டுத் தெருவோரப் பந்தலில் உட்கார்ந்த அம்மாக்களில் பலர், பதில் வருமுன்னே இறந்துபோனார்கள். யாழ்ப்பாணம் செம்மணியில் 2025 இல் தோண்டியபோது இருநூற்றுக்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் வெளிவந்தன. குழந்தையின் எலும்புகளோடு ஒரு பள்ளிக்கூடப் பையும் பொம்மையும் இருந்தன.

இந்த இடத்தில் எங்கள் ஊரின் கோயிலைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. திருப்பெருந்துறை ஆத்மநாதர் சந்நிதியில் லிங்கத் திருமேனி இல்லை. ஆவுடை மட்டும் இருக்கிறது. யோகாம்பாள் சந்நிதியில் பாதங்கள் மட்டும். கொடிமரமும் நந்தியும் இல்லை. புழுங்கலரிசிச் சோற்றைக் கொதிக்கக் கொதிக்கக் கொண்டுவந்து சந்நிதிக்கு முன்னுள்ள படைகல்லில் கொட்டிப் பரப்புகிறார்கள். கீரையும் பாகற்காயும் துணை. மேலெழும் ஆவிதான் நைவேத்தியம். மாணிக்கவாசகருக்குக் குரு காட்சி தந்து மறைந்த தலம் இது என்பதை இதோடு சேர்த்து நினைக்க வேண்டும். உருவம் இல்லாத இடத்துக்குச் சோறு படைப்பது நம் மக்களுக்குப் புதிதில்லை. யெரெவானில் 1967 இல் எழுப்பிய சிட்செர்னகபெர்த் நினைவகத்திலும் ஓர் உருவச்சிலை கிடையாது. சாய்ந்து நிற்கும் பன்னிரண்டு கற்பலகைகள், நடுவில் அணையாத தீ, பக்கத்தில் 44 மீட்டர் உயரத் தூண். ஏப்ரல் 24 அன்று லட்சக்கணக்கானோர் வந்து தீயைச் சுற்றிப் பூ வைத்துப் போகிறார்கள். இதற்கு நேர்மாறாக, தஞ்சைக்கு அருகே விளாரில் 2013 நவம்பரில் திறந்த முள்ளிவாய்க்கால் முற்றம், நடந்த கொடுமைகளை ஒவ்வொன்றாகக் கருங்கல்லில் செதுக்கிக் காட்டுகிறது. திறந்த சில நாட்களிலேயே அதன் சுற்றுச்சுவரைத் தமிழ்நாட்டு அதிகாரிகள் இடித்தார்கள். எனக்கு யெரெவானின் வழி அதிகம் பிடிக்கிறது. ஆனால் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும்: நடந்ததே இல்லை என்று மறுப்பவர் எதிரில் நிற்கும்வரை, விளாரின் சிற்பிக்கு உருவங்களை விட்டுவிடும் வசதி இல்லை.

ஆர்மேனியரும் உடனே பேசிவிடவில்லை. அநாதை விடுதிகளில் வளர்ந்த தலைமுறைக்குப் பிழைப்பதே பெரும்பாடாக இருந்தது. லெபனானின் கசீர் விடுதிச் சிறுமிகள் நெய்த கம்பளம் 1925 இல் அமெரிக்க அதிபர் கூலிட்ஜுக்குப் பரிசாகப் போனது. நெய்தவர்களின் கதையைக் கேட்க வெகுகாலம் யாரும் வரவில்லை. பெதூயின் என்னும் பாலைவன நாடோடிக் குடும்பங்களில் சேர்க்கப்பட்டு முகத்தில் பச்சை குத்தப்பட்ட பெண்கள், பேரப்பிள்ளைகள் கேட்டாலும் பேச்சை மாற்றினார்கள். துருக்கிக்குள் முஸ்லிம் பெயரோடு வாழ்ந்து முடித்தவர்களும் உண்டு. தன் பாட்டி அப்படி ஓர் ஆர்மேனியச் சிறுமி என்று பின்னாளில் அறிந்த வழக்கறிஞர் ஃபெத்தியே செத்தின் 2004 இல் அதை நூலாக எழுதினார். துருக்கிக்குள் பல வீடுகளின் மௌனம் அதன் பிறகுதான் கலைந்தது. யெரெவானில் மக்கள் திரண்டு தெருவுக்கு வந்து நினைவகம் கேட்டது 1965 ஏப்ரல் 24 அன்று, சரியாக ஐம்பது ஆண்டு கழித்து. அமெரிக்க அதிபர் ஒருவர் ஆண்டு அறிக்கையில் இனப்படுகொலை என்ற பெயரைச் சேர்த்தது 2021 இல்.

அந்தக் கணக்கோடு ஒப்பிட்டால் ஈழத் தமிழர் வேகமாகவே பேசியிருக்கிறார்கள். பதின்மூன்று ஆண்டுக்குள் கனடா நாடாளுமன்றம் மே 18 ஐத் தமிழ் இனப்படுகொலை நினைவுநாளாக ஏற்றது. 2025 மே மாதம் பிராம்ப்டன் நகரில் நினைவுச்சின்னம் எழுந்தது. வேகத்துக்குக் காரணம் புலம்பெயர்ந்தவர்களின் கையில் இருக்கும் கடவுச்சீட்டும் வாக்குச்சீட்டும். டொரண்டோவிலும் லண்டனிலும் இருப்பவருக்குத் தன் தொகுதி உறுப்பினர் தன் பேச்சைக் கேட்டாக வேண்டிய நிலை இருக்கிறது.

அழியாநிலையில் இருப்பவருக்கு அது இல்லை. என் ஒப்பீடு வந்து நிற்கும் இடம் இதுதான். தேர் எஸ்ஸோரிலிருந்து தப்பி வந்த ஆர்மேனியருக்கு 1924 இல், நாடற்றவர்களுக்கான நான்சென் கடவுச்சீட்டு கிடைத்தது. அதே 1924 இல், லொசான் உடன்படிக்கையின் வழியாக, லெபனானில் இருந்த ஆர்மேனிய அகதிகள் குடிமக்களானார்கள். வெளியேற்றம் தொடங்கி ஒன்பதே ஆண்டு. இன்று லெபனான் நாடாளுமன்றத்தில் ஆர்மேனியருக்கென்றே ஆறு இடங்கள். பூர்ஜ் ஹம்மூதில் தெருவுக்குப் பழைய ஊர்ப்பெயர் வைக்க முடிந்ததும், 1939 இல் வந்தவர்களால் அஞ்சாரில் நடுத்தெருவில் கொப்பரை ஏற்ற முடிவதும் குடியுரிமையிலிருந்து தொடங்குகிறது. அங்கே மொழி அந்நியம். ஆனால் நிலம் சொந்தம்.

புதுக்கோட்டை மாவட்டத்தில் எல்லாமே தலைகீழ். அழியாநிலை, தோப்புக்கொல்லை, லேணாவிளக்கு என்று மூன்று முகாம்கள். 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பின்னும், 1990 இல் போர் மறுபடி மூண்டபோதும், அதன் பிறகும் வள்ளமேறி இராமேசுவரம் கரையில் இறங்கி, மண்டபம் முகாம் வழியே பல மாவட்டங்களுக்குப் பிரித்து அனுப்பப்பட்டவர்களும் அவர்களின் பிள்ளைகளும் இப்படிப்பட்ட முகாம்களில் இருக்கிறார்கள். பேசும் மொழி நம் மொழி. கும்பிடும் சாமி நம் சாமி. பிள்ளைகள் பள்ளியில் நம் ஊர்ப் பேச்சும் வீட்டில் வன்னிப் பேச்சும் பேசி, இரண்டு தமிழுக்கும் சொந்தக்காரர்களாக வளர்கிறார்கள். நிலம் மட்டும் அவர்களுடையதாகவில்லை. 1951 ஆம் ஆண்டின் அகதிகள் உடன்படிக்கையில் இந்தியா கையெழுத்திடவில்லை. 2019 இன் குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் இலங்கை சேரவில்லை. 2021 இல் தமிழ்நாடு அரசு முகாம்களுக்கு மறுவாழ்வு முகாம் என்று பெயர் மாற்றி, புதிய வீடுகள் கட்டத் தொடங்கியது. அந்த வீடுகள் தேவையானவை, நல்ல காரியம். ஆனால் தமிழ்நாட்டில் நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் வாழும் ஏறத்தாழ 58,000 பேருக்கும் வருகைப் பதிவும் காவல்துறையின் க்யூ பிரிவுக் கண்காணிப்பும் பழகிப்போன விஷயங்கள். நினைவுநாள் கூட்டம் கூட்டுவதற்கு முன் யாரிடம் அனுமதி கேட்க வேண்டும் என்று யோசிக்கிறவரால் தெருவுக்குப் பழைய ஊரின் பெயரை வைக்க முடியுமா?

இந்த ஒப்பீட்டில் தமிழர் பக்கம் இருந்து மறைக்கக் கூடாதது ஒன்று உண்டு. 1990 அக்டோபரில் வடக்கிலிருந்து ஏறத்தாழ 75,000 முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் விரட்டினார்கள். சில மணி நேர அவகாசத்தில், கையில் எடுக்க முடிந்ததோடு கிளம்பியவர்கள் புத்தளத்தின் ஓலைக் கொட்டகைகளில் பல்லாண்டு கிடந்தார்கள். கடைசிப் போரில் பொதுமக்களை வெளியேற விடாமல் புலிகள் தடுத்ததையும் அதே ஐ.நா. குழு பதிவு செய்திருக்கிறது. சிரட்டையில் கஞ்சி வாங்கும் கை இதையும் சேர்த்து நினைக்க வேண்டும் என்று நான் உறுதியாக நம்புகிறேன். தன் மீது நடந்ததை மட்டும் எண்ணும் நினைவு, மறுப்பவர்களின் கையில் ஆயுதமாகிவிடும்.

தமிழ் மண்ணுக்கு ஆர்மேனியரை முன்பே தெரியும் என்பதும் இங்கே பொருந்தும். சென்னை அரண்மனைக்காரத் தெருவில் 1772 இல் எழுந்த அவர்களின் தேவாலயம் இன்னும் நிற்கிறது. உலகின் முதல் ஆர்மேனிய இதழான அஸ்தராரை 1794 இல் ஹாருத்தியூன் ஷ்மாவோனியன் பாதிரியார் அச்சிட்டது சென்னையில். நாடு இல்லாத அந்த மக்கள், எதிர்கால ஆர்மேனியாவுக்கான அரசியல் சட்டத்தை எழுதி அச்சிட்டதும் 18 ஆம் நூற்றாண்டுச் சென்னையில்தான். பாரசீகத்திலிருந்து வந்த வணிகர்கள் இந்த ஊரில் கடை போட, அச்சகம் வைக்க, தங்கள் நாட்டைப் பற்றிக் கனவு காண முடிந்தது. நம்மோடு ஒரே மொழி பேசுகிறவர்களுக்கு, இரண்டரை நூற்றாண்டு கழித்து, அந்த அளவு இடம்கூட நாம் தரவில்லை என்பது என் வருத்தம்.

சட்டத்தில் ஒரு கதவு ஏற்கனவே திறந்துதான் இருக்கிறது. இந்திய மண்ணில் 1950 ஜனவரி 26 க்கும் 1987 ஜூலை 1 க்கும் இடையே பிறந்தவர், பெற்றோர் யாராக இருந்தாலும், பிறப்பாலேயே இந்தியக் குடிமகன். 1983 இலும் அடுத்த ஆண்டுகளிலும் வந்தவர்களுக்கு முகாமில் பிறந்த மூத்த பிள்ளைகள் பலர் இதற்குள் வருவார்கள். மதுரை உயர் நீதிமன்றக் கிளைவரை போய்க் கடவுச்சீட்டு பெற்று, 2024 மக்களவைத் தேர்தலில் வாக்களித்தவரும் உண்டு. தேவைப்படுவது பிறப்புச் சான்றிதழும், கூடவே அலைய ஒரு வழக்கறிஞரும். அறந்தாங்கியிலும் புதுக்கோட்டையிலும் வழக்கறிஞர்களுக்குக் குறைவில்லை.

பெரியவர்களின் சொல்லையும் இப்போதே எடுத்து வைக்க வேண்டும். வெர்ஜினே ஸ்வாஸ்லியான் என்ற ஆய்வாளர் 1955 இல், தானே மாணவியாக இருந்தபோது, தப்பிப் பிழைத்த ஆர்மேனியர்களைத் தேடிப் போய்க் கேட்கத் தொடங்கினார். பேசவே தடையிருந்த சோவியத் காலத்தில், வீடு வீடாக நடந்து, வாழ்நாள் முழுக்க 700 சாட்சியங்களைச் சேர்த்தார். 1983 இல் முப்பது வயதில் வள்ளமேறியவருக்கு இன்று எழுபதைத் தாண்டிவிட்டது. எந்தத் துறையில் ஏறினார்கள், படகுக்காரருக்கு என்ன கொடுத்தார்கள், யாரை விட்டுவிட்டு வந்தார்கள், முதல் இரவு மண்டபத்தில் என்ன சாப்பிட்டார்கள் என்று கேட்டுப் பதிய ஒரு கைப்பேசி போதும். பெயர் வெளியே வர வேண்டாம் என்று கேட்டால் அதை மதிக்க வேண்டும். பதிந்ததை வைக்க நூலகம் தளம் இருக்கிறது. நம் பக்கத்துக் கோட்டையூரில் தனி மனிதர் சேர்த்த நூல்களிலிருந்து வளர்ந்த ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் சென்னையில் இருக்கிறது. அழியாநிலைக்கு அறந்தாங்கியிலிருந்து நகரப் பேருந்து போகிறது. நம் வட்டாரக் கல்லூரிகளின் வரலாற்று மாணவர்கள் இந்தக் கோடை விடுமுறையிலேயே தொடங்கலாம்.